சூசை அண்ணர் வந்து சொல்வதற்கு முன்

என் பிரியத்துக்குரிய குணம்,

இந்தச் செய்தியை நீ என்னிடமிருந்துதான் கேட்க வேண்டும். அன்றைக்கு அந்த பஸ்ஸில் இருந்தவர்களில் மூத்தவர் நம்முடைய சூசை அண்ணர். போன மாதம் அவருக்கு நெஞ்சில் ஏதோ பரிசோதனை செய்தார்கள். பயப்பட ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டார்கள். ஆனாலும் எனக்குப் பயம். எனக்கு முன்னால் அவர் அங்கே வந்து சேர்ந்து, கையைத் தட்டித் தட்டித் தன்னுடைய பாணியில் இதைச் சொன்னால் உனக்கு எப்படி இருக்கும்? அதனால் முந்திக்கொள்கிறேன்.

உன் மூன்றாம் ஆண்டு நினைவாக ஏதாவது எழுதித் தரும்படி நம் ஒஸ்லோ பியோர்ண்டால் பகுதித் தமிழர் மலருக்குக் கேட்டார்கள். முதலாம் ஆண்டு 'அன்னார்' என்று தொடங்கி ஒரு பக்கம் எழுதிக் கொடுத்தேன். நீ அதை வாசித்திருந்தால் சிரித்திருப்பாய். இந்த முறை உனக்கே எழுதுகிறேன். மற்றவர்களும் வாசிப்பார்கள் என்று தெரியும். வாசிக்கட்டும் என்றுதான் இங்கே எழுதுகிறேன். அப்படியும் இரண்டு தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். இது மூன்றாவது.

மலரைப் புதிதாக வாசிக்கிறவர்களுக்காக, உனக்குத் தெரிந்ததையும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், பொறுத்துக்கொள். நீயும் நானும் நோர்வேக்கு வந்த முதல் குளிர்காலத்தில் ஒரே முகாமில் ஒரே அறையில் இருந்தோம். நீ பிறகு ட்ராம் ஓட்டினாய். ஊரில் நில அளவையாளனாக இருந்த எனக்கு மாநகரசபையில் வரைபடங்களைத் திருத்தும் வேலை கிடைத்தது. உன் மனைவியும் வந்து, அபியும் பிறந்த பிறகு, உங்கள் கட்டிடத்திலேயே இரண்டு மாடி கீழே ஒரு சின்ன வீட்டை நான் வாங்கினேன். நான் கலியாணம் செய்யவில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானச் சாப்பாடு எப்போதும் உன் வீட்டில்தான்.

உன் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்த பிறகு நான் மேலே போகவில்லை. ஆண் இல்லாத வீட்டுக்குத் தனியாள் ஒருவன் போய்வருவது அழகில்லை என்று யாரும் என்னிடம் சொல்லவில்லை. நானே எனக்குச் சொல்லிக்கொண்டேன். அபியின் அம்மாவை லிப்டில் கண்டால் "சுகமோ" என்பேன். "ஓம், இருக்கிறன்" என்பார். என் மாடி வந்ததும் இறங்கிவிடுவேன். அவருடைய பெயரைச் சொல்லியோ, உறவுமுறை வைத்தோ நான் கூப்பிட்டதில்லை என்பது உனக்குத் தெரியும். தேவைப்பட்டால் "அபியின்ரை அம்மா" என்பேன். தேவைப்படுவதும் குறைவு.

இந்த வருடம் ஆவணியில் அபி ஸ்தவாங்கரிலிருந்து தொலைபேசியில் பேசினாள். அங்கே எண்ணெய்க் கம்பனியொன்றில் அவளுக்கு நல்ல வேலை. இதை நீ பார்க்கவில்லையே என்று எனக்கு ஒரு குறை.

"மாமா, நம்மட வேதக்கார ஆக்கள் பாதுவாவுக்கும் ரோமுக்கும் யாத்திரை போகினமாம். அம்மாவையும் அனுப்பப்போறன். நீங்களும் போனா எனக்கு நிம்மதி."

"நாங்கள் சைவமெல்லோ பிள்ளை" என்றேன்.

"சூசை மாமாட்டைக் கேட்டனான், அதெல்லாம் பரவாயில்லையாம். பஸ் நிரம்பினாச் சரியாம்." பிறகு சொன்னாள்: "ஒஸ்லோ ஆக்களோடை அம்மாவுக்கு இது கடைசிப் பயணம், மாமா. வீட்டை விக்கக் குடுத்திட்டன். ஐப்பசியோடை அம்மா என்னோடை வந்திருவா."

நான் "நல்லது பிள்ளை" என்று சொல்லித் தொலைபேசியை வைத்தேன். பிறகு அதே கதிரையில் நெடுநேரம் இருந்தேன்.

குணம், உன் மனைவி இரண்டு மாடி மேலே இருக்கிறார் என்பது எனக்கு ஒரு பழக்கமாகிவிட்டிருந்தது என்று அப்போதுதான் தெரிந்தது. மேலே தண்ணீர்க் குழாய் திறந்தால் என் சுவரில் சத்தம் கேட்கும். நடுவில் ஒரு பாகிஸ்தான்காரர் இருக்கிறார், அது அவருடைய குழாயாகவும் இருக்கலாம். ஆனால் நான் அபியின் அம்மாதான் எழும்பிவிட்டார் என்று நினைத்துக்கொள்வேன். போகவேண்டாம் என்று அவரிடம் சொல்ல வேண்டும். அதைச் சொல்ல எனக்கு என்ன உரிமை என்பதும் தெரியவில்லை. சரி, ஐப்பசிக்கு முன் ஒரு வசனம். அதற்கு இந்தப் பயணத்தை விட்டால் வேறு சந்தர்ப்பம் இல்லை என்று கணக்குப் போட்டேன்.

பாதுவாவிலும் ரோமிலும் முடியவில்லை. அங்கே எல்லாம் செபமும் வரிசையும். கடைசியில் புளோரன்ஸில் ஒரு நாள் ஓய்வு கொடுத்தார்கள். கால் நோகாதவர்களுக்கு அன்று ஒரு சுற்றுலா: காலையில் சியன்னா, மத்தியானம் வைனுக்குத் திராட்சை வளர்க்கும் ஒரு முந்திரிகைத் தோட்டத்தில் சாப்பாடு, பின்னேரம் கோபுரங்கள் நிறைந்த ஒரு மலையூர். வழிகாட்டியாக பவோலா என்ற இத்தாலியப் பெண். மஞ்சள் குடையை உயர்த்திப் பிடித்துக்கொண்டு ஆங்கிலத்தில் விளக்கம் சொல்லுவார். அந்த பஸ்ஸில் பாதி எங்கள் ஆட்கள், மீதி வேறு நாட்டவர். அபியின் அம்மாவும் நானும் பெயர் கொடுத்தோம். பக்கத்துப் பக்கத்து இருக்கை. அதை ஒழுங்கு செய்தது நானில்லை, பவோலாதான். ஒரே கட்டிட விலாசம் என்பதால் எங்களைச் சோடி என்று எழுதிவிட்டார். அது எனக்கு அப்போது தெரியாது.

சியன்னாவில் ஒரு பெரிய சதுக்கம், சிப்பி வடிவத்தில் ஒரு பக்கம் சரிந்து கிடக்கிறது. சனங்கள் பாய் விரித்தது போல நிலத்திலேயே இருக்கிறார்கள். அபியின் அம்மாவும் சேலையை ஒதுக்கிக்கொண்டு செங்கல்லில் இருந்துவிட்டார். எனக்கு இருக்கக் கூச்சம். நின்றுகொண்டு அந்த வசனத்தைச் சொல்ல முடியாது. இருந்தால் சொல்லலாம், ஆனால் பக்கத்தில் எப்படி இருப்பது? கடைசியில் நான் சொன்னது இதுதான்: "இந்தச் சரிவு மழைத்தண்ணி வடியிறதுக்காகச் செய்தது."

"ஓம், பாத்தாலே தெரியுது" என்றார்.

நீ இருந்திருந்தால் அந்த இடத்தில் என்ன சொல்லியிருப்பாய் என்று யோசித்தேன். மடத்தனமான கேள்வி. நீ இருந்திருந்தால் எனக்கு அந்த வசனமே தேவைப்பட்டிருக்காது.

பிறகு கியாந்தி மலைகளுக்குள் பஸ் ஏறியது. உனக்குப் பிடித்திருக்கும் பாதை, வளைவுக்கு வளைவு. தோட்டத்தில் நீள மேசை போட்டிருந்தார்கள். முந்திரிகைக் கொடிகள் நம்மூரைப் போலப் பந்தலில் இல்லை. கம்பி கட்டி வரிசை வரிசையாக, ஆளின் நெஞ்சளவு உயரம். வரிசைகள் சமவுயரக் கோட்டை ஒட்டிப் போகின்றனவா என்று நான் பார்த்துக்கொண்டிருந்தேன். அபியின் அம்மா ஒரு குலையைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "ஊரிலை எங்கடை அண்ணை நட்டது இதைவிடப் பெரிய பழம், ஆனாப் புளி" என்றார். சொல்ல இதுதான் நேரம் என்று வாயைத் திறந்தேன். சூசை அண்ணர் எல்லோரையும் படமெடுக்கக் கூப்பிட்டார்.

சாப்பாட்டுக்கு முதல் நான்கு கிளாஸில் நான்கு விதமான வைன் வந்தது. நான் குடிப்பதில்லை என்பது நீ ஒஸ்லோ முழுக்கச் சொல்லி வைத்த விஷயம்.

"நடா, உம்மடை பங்கை இஞ்சாலை தள்ளும்" என்றார் சூசை அண்ணர். "எங்களுக்குப் பூசைக்கும் இதுதான், சாப்பாட்டுக்கும் இதுதான்."

பவோலா எங்கள் பின்னால் வந்து நின்று, "ஐயாவுக்கு வேண்டாமென்றால் உங்கள் மனைவிக்கு ஊற்றட்டுமா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். நான் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தேன். திருத்தியிருக்க வேண்டும். திருத்துவதற்கு எத்தனை வசனம் வேண்டும் என்று நான் யோசித்து முடிக்குமுன் அபியின் அம்மா "யெஸ்" என்று கிளாஸை நீட்டிவிட்டார். ஒரு வாய் குடித்து முகத்தைச் சுழித்து, "கள்ளு புளிச்சுப்போச்செண்டா இப்பிடித்தான் இருக்கும்" என்றார். பிறகு அதை முழுவதும் குடித்தார்.

பாஸ்தா வந்தது. உப்பும் இல்லை, உறைப்பும் இல்லை. சூசை அண்ணரின் மனைவி றோசலின் அக்கா, ஒஸ்லோவிலிருந்து கட்டிக்கொண்டு வந்த இடிச்சசம்பல் போத்தலைக் கைப்பையிலிருந்து எடுத்தார். அது மேசையின் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை போனது. தோட்டக்காரக் கிழவர் என்னவென்று பார்க்க வந்து ஒரு கரண்டி வாங்கி வாயில் போட்டார். கண்ணில் தண்ணீர் வந்தது. அதைத் துடைத்துவிட்டு, பாண் துண்டை நீட்டி இன்னும் கேட்டார். எங்கள் மேசை பெருமையில் கத்தியது. அபியின் அம்மாவும் சிரித்தார். உன் செத்தவீட்டுக்குப் பிறகு அவர் பல் தெரியச் சிரித்து நான் பார்த்தது அங்கேதான்.

பஸ்ஸில் ஏறிய பிறகு அவரே தொடங்கினார்.

"ஒரு நோர்வேச் சோடி வந்து வீட்டை ரெண்டு தரம் பாத்திட்டுதுகள். திரும்பவும் வருகினமாம்."

சொல்லுவதற்கு இதைவிட நல்ல வாசல் யாராவது திறந்துவிடுவார்களா? நான் கேட்டேன்: "வீடு பிடிச்சிருக்கெண்டு சொன்னவையோ?"

அவர் என்னை ஒருமுறை பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அந்த மலையூரின் பெயர் சான் ஜிமிஞ்ஞானோ. தூரத்திலிருந்தே உயர்ந்த கல் கோபுரங்கள் தெரியும். பணக்காரர்கள் ஒருவரையொருவர் முந்திக் கட்டியவையாம், கோயிலில்லை. ஊரைச் சுற்றி மதில். தெற்கு வாசலில் பஸ்ஸை நிறுத்தி, நாலு மணிக்கு இதே வாசலுக்கு வந்துவிட வேண்டும், டிரைவருக்கு வேலை நேரம் கட்டுப்பாடு, காத்திருக்க முடியாது என்று பவோலா சொன்னார். எங்கள் எவரிடமும் கைத்தொலைபேசி வேலை செய்யவில்லை. வெளிநாட்டில் எடுத்தால் காசு போகும் என்று எல்லோரும் நிறுத்தி வைத்திருந்தார்கள். அபியின் அம்மா தன்னுடையதை ஹோட்டலிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார்.

வாசலில் இறங்கியதும் மதிலை அண்ணாந்து பார்த்து, "கோயில் வெளிவீதி மாதிரிக் கிடக்கு. ஒருக்காச் சுத்தி வருவமோ?" என்று கேட்டார்.

முழங்கால் நோகிறது என்றேன். முழங்கால் நோகவில்லை. அவ்வளவு தூரம் இருவரும் தனியாக நடந்தால் அந்த வசனத்தைச் சொல்லியே ஆகவேண்டி வரும் என்று பயந்துவிட்டேன். இதற்காகத்தானே நான் வந்தேன்? அது எனக்கே விளங்கவில்லை, உனக்கு எப்படி விளங்கப்போகிறது.

"சரி, நீங்கள் இருங்கோ" என்று அவர் போய்விட்டார். நான் வாசலுக்குப் பக்கத்தில் ஒரு கல்லில் இருந்தேன். நேரத்துக்கு நிறைய முன்னால் பஸ்ஸில் ஏறினேன்.

நாலு மணிக்கு எல்லோரும் வந்துவிட்டார்கள். என் பக்கத்து இருக்கை காலி. பவோலா பெயர்களைச் சரிபார்த்துக்கொண்டு என்னிடம் வந்தார். பின்னாலிருந்து ஒருவர் மணிக்கூட்டைக் காட்டினார். டிரைவர் எஞ்சினை இயக்கிவிட்டார். வராதவர்களை விட்டுப் போவதுதான் ஒழுங்கு, அவர்கள் வாடகைக் காரில் வர வேண்டும் என்று பவோலா முன்னமே சொல்லியிருந்தார்.

"உங்கள் மனைவி எங்கே?" என்று கேட்டார்.

மனைவியில்லை, இறந்துபோன நண்பரின் மனைவி என்று சொல்லலாம். அப்படிச் சொன்னால் ஒரு பக்கத்து வீட்டுக்காரருக்காக நாற்பது பேரை மறிக்க எனக்கு என்ன நியாயம்? இதை நான் யோசித்தேனா என்று இப்போது நினைத்தால் சந்தேகமாக இருக்கிறது. எழுந்து நின்றேன். ஆங்கிலத்தில், என் குரலென்று எனக்கே தெரியாத சத்தத்தில் சொன்னேன்: "என் மனைவி இன்னும் வரவில்லை. அவர் இல்லாமல் இந்த பஸ் போகக்கூடாது."

பஸ்ஸில் எங்கள் பாதி அப்படியே அடங்கிவிட்டது. மற்றப் பாதிக்கு இதில் ஒன்றுமில்லை, அவர்கள் கதைத்துக்கொண்டிருந்தார்கள். டிரைவர் எஞ்சினை நிறுத்தினார்.

முன் இருக்கையிலிருந்து சூசை அண்ணர் திரும்பினார். வேறு நேரமென்றால் அவர் விட்டிருக்க மாட்டார். "ஐஸ்கிறீம் கடையிலை நிக்கும் மனிசி. நான் போய்ப் பாக்கிறன்" என்று மட்டும் சொன்னார்.

"இல்லை அண்ணை" என்றேன். "எங்கை நிக்கிறா எண்டு எனக்குத் தெரியும்."

எப்படித் தெரியும் என்றால், குணம், வெளிவீதி என்று சொன்னவர் வலம்தான் வருவார் அல்லவா? கோயில் வலக்கைப் பக்கம் இருக்க வேண்டும். தெற்கு வாசலிலிருந்து அப்படி நடந்தால் மேற்கு மதில், பிறகு வடக்கு. வடக்கிலும் இதே மாதிரி ஒரு வாசல் இருப்பதை நான் காலையிலேயே பவோலா தந்த படத்தில் பார்த்து வைத்திருந்தேன். அரைச் சுற்றில் அந்த வாசலைக் கண்டால், முழுச் சுற்றும் முடிந்துவிட்டதென்று நினைத்திருப்பார். இத்தாலியில் வேறு யாரும் இப்படித் தொலைய முடியாது.

மதிலோரம் விரைவாக நடந்தேன். வடக்கு வாசலுக்கு வெளியே, வண்டிகள் நிற்கும் இடத்தைப் பார்த்தபடி ஒரு சேலை தெரிந்தது. தூரம். "அபியின்ரை அம்மா" என்று கூவினால் முடிவதற்குள் மூச்சு நின்றுவிடும்.

"மனோ!" என்று கூப்பிட்டேன்.

திரும்பினார். கோபமாக இருந்தார். "எல்லாரும் எங்கை போயிட்டியள்? நான் மட்டும்தான் நேரத்துக்கு வந்து நிக்கிறன். பஸ்ஸையும் காணேல்லை."

"இது மற்ற வாசல்."

"எந்த மற்ற வாசல்? நான் ஒரு சுத்துச் சுத்தி வந்தனான்."

"அரைச் சுத்து."

அவர் வாசலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "உங்களுக்கு முழங்கால் நோகுதெண்டீங்கள்" என்றார்.

ஊருக்குள்ளால் போனால் கிட்ட. நடுத்தெருவால் ஏறினோம். கோபுரங்களுக்குக் கீழே நல்ல நிழல். மனோ என்றே இனி எழுதுகிறேன், கூப்பிட்டாகிவிட்டது.

"பவோலாவிட்டை ஒரு பொய் சொல்லிப் போட்டன்" என்றேன்.

"என்ன பொய்?"

சொன்னேன். அவர் நின்றுவிட்டார்.

"பஸ்ஸிலை எல்லாரும் கேட்டவையோ?"

"ஓம்."

"சூசை அண்ணரும்?"

"அவர்தானே முன் சீற்றிலை."

சிரிக்கத் தொடங்கியவர் சுவரைப் பிடித்துக்கொண்டார். தோல் பைகள் விற்கும் பெண் கடையிலிருந்து எட்டிப் பார்த்தாள். சிரிப்பு நிற்கும் வரை நான் காத்திருந்தேன். பிறகு சொன்னேன்.

"ஸ்தவாங்கருக்குப் போகாதேங்கோ."

"ஏன்?"

காரணங்கள் ஒஸ்லோவிலிருந்தே தயாராக இருந்தன. அங்கே மழை அதிகம், பிள்ளை காலையில் போனால் மாலைதான் வருவாள், மனோவுக்குப் பழகிய டாக்டர் இங்கேதான். எல்லாம் உண்மை. ஒன்றும் வாயில் வரவில்லை.

"நீங்கள் போனா எனக்கு அங்கை ஆர் இருக்கினம்?" என்றேன்.

மனோ சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இதைச் சொல்ல இத்தாலிக்கு வரவேணுமோ? லிப்டிலை சொல்லியிருக்கலாமே. மூண்டு வருசமா ஏறி இறங்கிறம்."

"நான் ஞாயிறுகளிலை வராமல் விட்டது..."

"அது உங்கடை மடத்தனம். அவர் செத்தவர். நானுமோ செத்தனான்?" கொஞ்சத் தூரம் முன்னே நடந்துவிட்டுத் திரும்பினார். "பவோலாவுக்குச் சொன்னதைத் திருப்பி எடுக்கப்போறீங்களோ?"

நான் பதில் சொல்ல நேரமெடுத்தேன் என்று மனோ இப்போதும் சொல்கிறார். அதிகமில்லை என்பது என் நினைவு.

"இல்லை" என்றேன்.

"அப்ப ஒளிச்சு மறைச்சு ஏலாது. ஆக்கள் கதைக்கட்டும், ஆனா எங்களுக்குத் தெரிஞ்சு கதைக்கட்டும். முறையாக் கலியாணத்தை எழுதிப்போட்டுத்தான் ஒண்டா இருக்கிறது. அபிக்கு நான் சொல்லுறன்." பிறகு, "அவருக்கு நீங்கள் சொல்லுங்கோ. உங்கடை சிநேகிதன்தானே" என்றார்.

இப்போது சொல்கிறேன், குணம்.

நாங்கள் பஸ்ஸில் ஏறும்போது மற்ற நாட்டவர்கள் கை தட்டினார்கள். எங்கள் ஆட்கள் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார்கள். புளோரன்ஸ் வரும் வரைக்கும் பொறுத்திருந்துவிட்டு, இறங்கும் இடத்தில் சூசை அண்ணர் கேட்டார்: "நடா, உம்மடை மனிசிக்குக் கால் நோவோ? பிடிச்சு இறக்கும்." மனோ என் கையைப் பிடித்தே இறங்கினார். சூசை அண்ணர் தன் பையை எடுக்கப் போய்விட்டார். றோசலின் அக்கா மட்டும் மனோவின் முதுகைத் தட்டிவிட்டுப் போனார்.

அபி சந்தோஷப்படவில்லை. அதை உனக்கு மறைக்க நியாயமில்லை. தாய் சொன்னதும் தொலைபேசியை வைத்துவிட்டாள். சில நாள் ஒரு சத்தமும் இல்லை. பிறகு ஒரு சனிக்கிழமை விமானத்தில் வந்து இறங்கி, நேரே என் வீட்டு மணியை அடித்தாள். சப்பாத்தைக் கழற்றாமலே உள்ளே நின்றாள்.

"மாமா, வீட்டை விக்கிற மேக்லருக்கு நான் என்ன சொல்லுறது? திங்கள் வீஸ்னிங். ஆக்கள் பாக்க வருகினம்."

"நீ சொல்லுறபடி செய்வம் பிள்ளை. வித்தாலும் சரி" என்றேன். எனக்கு வேறு பதில் தெரியவில்லை.

"அப்பான்ரை படம்?"

"இருக்கிற இடத்திலை இருக்கும். நான் அதுக்கு முன்னாலை இருந்துதானே சாப்பிடப்போறன்."

அவளுக்கு உன் நாடி, அதே முகவாய். அதை நிமிர்த்திக்கொண்டு கேட்டாள்: "நான் உங்களை இனி என்னெண்டு கூப்பிடுறது? சித்தப்பா எண்டு எனக்கு வாயிலை வராது."

"வரவேண்டாம். மாமா எண்டே கூப்பிடு."

"அம்மாவைக் கலியாணம் கட்டினவரை மாமா எண்டு கூப்பிடுறது ஆர் மாமா? சனம் சிரிக்கும்."

"சிரிக்கட்டும்."

நான் இப்படிச் சொன்னதை அவளால் நம்ப முடியவில்லை. என்னாலும்தான். அவள் கதிரையில் இருந்து கொஞ்சம் அழுதாள். நான் தேத்தண்ணி போட்டேன். பிறகு மேலே போனாள். என்ன கதைத்தார்கள் என்று மனோ சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. திங்கட்கிழமை யாரும் வீடு பார்க்க வரவில்லை.

கார்த்திகையில் நகர மண்டபத்தில் பதிவு. ஐயர் வேண்டாம் என்று மனோ சொல்லிவிட்டார். அபி வருவாள். அவள் சாட்சிக் கையெழுத்துப் போடுவாளா என்று நான் கேட்கவில்லை. போட்டால் நல்லது. போடாவிட்டால் சூசை அண்ணர் போடுவதாகச் சொல்லியிருக்கிறார், கேட்காமலே.

என் வீட்டை விற்றுவிட்டு மேலே போகிறேன். மனோ கீழே வருவதா, நான் மேலே போவதா என்று நிறைய யோசித்தேன். மனோ ஒரு வார்த்தையில் முடித்துவிட்டார். "என்ரை அடுப்பை நான் மாத்தமாட்டன்." உன் வீட்டில் இருக்கப்போகிறேன் என்று எழுதும்போது கை கூசத்தான் செய்கிறது. உனக்குக் கோபமா? வருத்தமா? இரண்டும் இல்லையென்று நானே சொல்லிக்கொள்ள எனக்குத் தைரியமில்லை. உன்னிடம் கேட்டுவிட்டு விடுகிறேன்.

போன செவ்வாய்க்கிழமை கட்டிடத்தைப் பார்த்துக்கொள்ளும் நோர்வேக்காரர் வந்தார். கீழே தபால் பெட்டிகளுக்குப் புதுப் பெயர்த்தகடு அடிக்கிறார்கள். உங்கள் பெட்டியில் மேலே உன் பெயர், கீழே மனோவின் பெயர். உனக்கு இப்போதும் கடிதம் வருகிறது, நூலகத்திலிருந்தும் மோட்டார் சங்கத்திலிருந்தும். மனோ எல்லாவற்றையும் பிரித்து வாசிக்கிறார். "காலமானவரின் பெயரை எடுத்துவிட்டு உங்கள் பெயரை அங்கே போடட்டுமா?" என்று அந்த நோர்வேக்காரர் என்னிடம் கேட்டார். வேண்டாம், என் பெயரை மூன்றாவதாகப் போடுங்கள் என்றேன். தகட்டில் மூன்று பெயருக்கு இடமில்லை என்றார். எழுத்தைச் சிறிதாக்கலாமே என்றேன். எல்லாப் பெயரையுமா என்று கேட்டார். என்னுடையதை மட்டும் என்றேன்.

தகடு நேற்று வந்துவிட்டது. நான் அந்த வீட்டில் இருக்கும் வரை உன் பெயர் அதிலிருந்து எடுபடாது. யார் கேட்டாலும், எந்த அலுவலகத்திலிருந்து எழுதிக் கேட்டாலும். அதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

உன் பெயருக்குக் கீழே,
சின்ன எழுத்தில்,
அபியின் நடா மாமா